முன்னவர் கட்டிய வரி உங்கள் வரி ஆகாது

கேள்வி: நாங்கள் 2024 செப்டம்பரில் டெக்சஸில், டாலஸ் நகருக்கு வடக்கே ஒரு புறநகரில், அப்போதுதான் கட்டி முடிக்கப்பட்ட புது வீடு ஒன்றை வாங்கினோம். முதல் ஆண்டு சொத்து வரி சுமார் 2,200 டாலர்தான் வந்தது. அதை வைத்தே எங்கள் மாதத் தவணையைக் கணக்கிட்டிருந்தோம். இப்போது கடன் நிறுவனம் அனுப்பிய எஸ்க்ரோ (வரி கட்டுவதற்காக மாதத் தவணையோடு சேர்த்துப் பிடித்துவைக்கும் கணக்கு) அறிக்கையில் மாதத் தவணை ஏறக்குறைய 1,500 டாலர் கூடியிருக்கிறது. நாங்கள் எச்1பி வேலை விசாவில் இருப்பதால், சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக்கான ஹோம்ஸ்டெட் வரி விலக்கு எங்களுக்குக் கிடையாது என்று நண்பர்கள் சொன்னார்கள், ஆகவே விண்ணப்பிக்கவில்லை. வருகையாளர் விசாவில் எங்களுடன் வந்து தங்கியிருக்கும் என் தந்தைக்கு 70 வயது. அவர் பெயரைப் பத்திரத்தில் சேர்த்தால் வரி வெகுவாகக் குறையும் என்கிறார்கள். கலிபோர்னியாவில் வீடு தேடிக்கொண்டிருக்கும் என் தங்கையிடமோ, அங்கே சொத்து வரி ஏறவே ஏறாது என்று சொல்லியிருக்கிறார்கள். இவற்றில் எதை நம்புவது?

பதில்: உங்கள் கடிதத்தில் நான்கு கேள்விகள் இருந்தாலும், அவற்றின் வேர் ஒன்றுதான். வீடு வாங்கும்போது நம் கண்ணில் படும் வரித்தொகை, அந்த வீட்டை நாம் வாங்குவதற்கு முன் இருந்த நிலைமைக்கும் அப்போதைய உரிமையாளருக்கும் உரியது. வீடு கை மாறியதும், அல்லது வெறும் மனையில் கட்டடம் எழுந்ததும், அந்தத் தொகை செல்லாததாகிவிடுகிறது. எந்த நாளில், எந்த அளவில் மாறும் என்பதை அமெரிக்காவின் ஒவ்வொரு மாநிலச் சட்டமும் தனித்தனியாக வகுத்திருக்கிறது. விற்பவருக்கோ கட்டுமான நிறுவனத்துக்கோ இதை வாங்குபவரிடம் எடுத்துச் சொல்ல வேண்டிய அவசரம் இருப்பதில்லை. உங்களைப் போலக் கணக்குப் பார்த்து வீடு வாங்கிய குடும்பங்கள் இரண்டாம் ஆண்டில் தடுமாறுவதைத் தொழில்முறையில் தொடர்ந்து பார்த்து வருகிறேன். அவர்கள் கணக்கில் தவறு இருப்பதில்லை; கணக்குக்கு அடிப்படையாகக் கொடுக்கப்பட்ட எண்தான் தவறு.

முதலில் உங்கள் வீட்டுக்கு என்ன நடந்தது என்பதைப் பார்ப்போம். டெக்சஸ் அரசமைப்புச் சட்டம், மாநில அரசு தனக்கென்று சொத்து வரி விதிப்பதைத் தடை செய்கிறது. தனிநபர் வருமான வரியும் அங்கே இல்லை. ஆகவே பள்ளி மாவட்டம், கவுண்டி (மாநிலத்தின் உட்பிரிவான மாவட்ட நிர்வாகம்), நகராட்சி, சமுதாயக் கல்லூரி, சில புறநகர்களில் சாலையும் குடிநீரும் அமைத்துத் தந்த தனிப் பயன்பாட்டு மாவட்டம் எனப் பல உள்ளாட்சி அமைப்புகள் உங்கள் ஒரே வீட்டின் மீது தத்தம் விகிதத்தில் வரி விதிக்கின்றன. அப்ரைசல் டிஸ்ட்ரிக்ட் எனப்படும் கவுண்டி மதிப்பீட்டு அலுவலகம் மதிப்பை மட்டும் நிர்ணயிக்கிறது. அந்த மதிப்பு, அந்தந்த ஆண்டின் ஜனவரி 1 அன்று சொத்து இருந்த நிலையைப் பொறுத்தது. 2024 ஜனவரி 1 அன்று உங்கள் மனையில் பெரும்பாலும் அஸ்திவாரம்கூட இருந்திருக்காது. எனவே 2024ஆம் ஆண்டுக்கு நீங்கள் கட்டியது மனைக்கான வரி. 2025 ஜனவரி 1 அன்று முழு வீடும் நின்றுகொண்டிருந்தது. நீங்களும் அதில் குடியிருந்தீர்கள். அந்த ஆண்டின் வரி முழு வீட்டுக்குமானது.

கணக்கு விளங்குவதற்காகச் சில எண்களை நானே எடுத்துக்கொள்கிறேன். மனையின் மதிப்பு 1,10,000 டாலர், எல்லா அமைப்புகளின் விகிதமும் சேர்ந்து 2 சதவீதம் என்றால், முதலாண்டு வரி 2,200 டாலர். கடன் நிறுவனம் மாதம் 183 டாலர் பிடித்துவைத்தால் போதும். மறு ஆண்டு வீட்டோடு சேர்த்து மதிப்பு 5,60,000 டாலர் ஆனால் வரி 11,200 டாலர், அதாவது மாதம் 933 டாலர். இது மட்டும் என்றால் தவணை 750 டாலர்தான் கூட வேண்டும். ஆனால் 2025 முழுவதும் எஸ்க்ரோ கணக்கில் 2,200 டாலர் மட்டுமே சேர்ந்திருக்க, நிறுவனம் தன் கையிலிருந்து 9,000 டாலரைப் போட்டு வரியைக் கட்டியிருக்கிறது. அந்தப் பற்றாக்குறையைப் பெரும்பாலான நிறுவனங்கள் 12 மாதங்களாகப் பிரித்து வசூலிக்கின்றன. அது இன்னொரு 750 டாலர். இரண்டும் சேர்ந்துதான் 1,500.

ஆக, உங்கள் உயர்வில் ஏறக்குறைய பாதி நிரந்தரமானது, மறுபாதி ஓராண்டோடு முடிந்துவிடக்கூடியது. கையிலிருக்கும் அறிக்கையை எடுத்துப் பாருங்கள். இந்த இரண்டு தொகைகளும் அதில் தனித்தனியே காட்டப்பட்டிருக்கும். கூட்டாட்சி விதிகளின்படி எஸ்க்ரோ கணக்கில் அதிகபட்சமாக ஆண்டுத் தொகையில் ஆறில் ஒரு பங்கு, அதாவது இரண்டு மாதத் தொகையை, முன்னெச்சரிக்கை இருப்பாக அவர்கள் வைத்துக்கொள்ளலாம்; அதற்கு மேல் கேட்டிருந்தால் நீங்கள் மறுக்கலாம். பற்றாக்குறையைச் சேமிப்பிலிருந்து ஒரே தடவையில் கட்டிவிட்டுத் தவணையைக் குறைத்துக்கொள்வதும், 12 மாதத்துக்கு மேல் அவகாசம் கேட்பதும் உங்களுக்குள்ள வழிகள். இரண்டாவதற்கு நிறுவனம் ஒப்புக்கொள்ள வேண்டும். ஆனால் கேட்பதில் நட்டமில்லை. புது வீடு வாங்கும் எவரும் முதல் மாதத்திலேயே கடன் நிறுவனத்துக்கு எழுதி, முழு வீட்டின் உத்தேச வரியை வைத்து எஸ்க்ரோ பிடிக்குமாறு கேட்டுக்கொண்டால் இந்தப் பற்றாக்குறை வராமலே தடுக்கலாம். புது வீட்டை விற்பவர்கள் இந்த உத்தேச வரித்தொகையை எழுத்தில் தர வேண்டும் என்பதைச் சட்டமே கட்டாயமாக்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

இனி ஹோம்ஸ்டெட் விலக்கு. உங்கள் நண்பர்கள் சொன்னது டெக்சஸைப் பொறுத்தவரை சரியல்ல. வீடு தனிநபரின் பெயரில் இருக்க வேண்டும்; அதுவே அவர் முதன்மையாகக் குடியிருக்கும் வீடாக இருக்க வேண்டும்; வேறு எந்த வீட்டுக்கும் அவர் இதே விலக்கைப் பெற்றிருக்கக் கூடாது; அவருடைய டெக்சஸ் ஓட்டுநர் உரிமத்திலோ அடையாள அட்டையிலோ உள்ள முகவரி வீட்டு முகவரியோடு பொருந்த வேண்டும். குடியுரிமை அதில் நிபந்தனை இல்லை. இந்த விலக்கின் அளவும் சிறியதல்ல. பள்ளி மாவட்ட வரிக்கு மதிப்பிலிருந்து கழிக்கப்படும் தொகை 2023இல் 1,00,000 டாலராக உயர்ந்தது. 2025 நவம்பரில் வாக்காளர்கள் ஒப்புதல் அளித்ததால், 2025 வரி ஆண்டிலிருந்தே அது 1,40,000 டாலர். மேலே சொன்ன எடுத்துக்காட்டில் பள்ளி விகிதம் 1.05 சதவீதம் என்று கொண்டால், ஆண்டுக்கு 1,470 டாலர் மிச்சம். கவுண்டியும் நகராட்சியும் தம் விருப்பப்படி மதிப்பில் 20 சதவீதம் வரை தனி விலக்குத் தரலாம். உங்கள் ஊரில் எவை தருகின்றன என்பது மதிப்பீட்டு அலுவலகத்தின் தளத்திலேயே இருக்கும்.

காலம் கடந்துவிட்டதே என்று கவலைப்பட வேண்டாம். வரி நிலுவையாகும் நாளிலிருந்து இரண்டு ஆண்டுகள் வரை தாமத விண்ணப்பத்தை டெக்சஸ் சட்டம் ஏற்கிறது. 2025ஆம் ஆண்டு வரி 2026 பிப்ரவரி 1 அன்றுதான் நிலுவையாகிறது. ஆகவே உங்களுக்குப் போதிய அவகாசம் இருக்கிறது. விண்ணப்பத்தில் 2025ஆம் ஆண்டையும் சேர்த்துக் குறிப்பிடுங்கள். விலக்கு அனுமதிக்கப்பட்டால் கூடுதலாகக் கட்டிய தொகை திரும்பி வரும். அதை அப்படியே எஸ்க்ரோ பற்றாக்குறைக்குச் செலுத்திவிட்டு, தவணையை மறுபடி கணக்கிடும்படி கேளுங்கள். இந்த விண்ணப்பத்துக்குக் கட்டணமே கிடையாது. அரசு முத்திரை போன்ற தோற்றத்தோடு தபாலில் கடிதம் அனுப்பி, "உங்கள் விலக்கை நாங்கள் பெற்றுத் தருகிறோம்" என்று பணம் கேட்கும் தனியார் உண்டு. புதிதாக வீடு வாங்கியவர்களின் முகவரிகள் பொதுப் பதிவேட்டில் இருப்பதால், அந்தக் கடிதம் உங்கள் வீட்டுக்கும் வந்திருக்கும். அதற்கு ஒரு டாலரும் தர வேண்டாம்.

விலக்குத் தொகையைவிடவும் நீண்ட காலத்துக்குப் பயன் தருவது அதனோடு வரும் 10 சதவீத வரம்பு. ஹோம்ஸ்டெட் தகுதி பெற்ற ஆண்டுக்கு அடுத்த ஜனவரி 1 முதல், சந்தை எவ்வளவு ஏறினாலும், வரி விதிப்புக்கான மதிப்பு முந்தைய ஆண்டைவிட 10 சதவீதத்துக்கு மேல் உயரக் கூடாது. நீச்சல் குளம், கூடுதல் அறை போன்ற புதுக் கட்டுமானம் மட்டும் இதற்கு விதிவிலக்கு. 2025இல் உங்கள் வீடு 5,60,000 டாலர் என்றால் 2026இல் 6,16,000 டாலருக்கு மேல் போகாது. இந்த வரம்பு மதிப்புக்குத்தான், வரிக்கு அல்ல என்பதை நினைவில் வையுங்கள். உள்ளாட்சி அமைப்புகள் விகிதத்தைக் கூட்டினால் வரி அதற்கு மேலும் ஏறலாம். வேலை மாற்றத்தால் வேறு ஊர் போய், இந்த வீட்டை வாடகைக்கு விட்டுவிட்டால் விலக்கும் வரம்பும் போய்விடும். அதைத் தெரிவிக்காமல் விலக்கை அனுபவித்து வந்தால் பின்னாளில் பழைய வரி சேர்ந்து வரும். ஐந்து ஆண்டுகளுக்கு ஒரு தடவையேனும் ஒவ்வொரு ஹோம்ஸ்டெட்டையும் சரிபார்க்குமாறு இப்போது சட்டம் மதிப்பீட்டு அலுவலகங்களைப் பணித்திருக்கிறது.

மதிப்பை எதிர்த்து முறையிட முடியுமா என்று நீங்கள் கேட்கவில்லை. ஆனால் கேட்டிருக்க வேண்டிய கேள்வி அது. பொதுவாக ஏப்ரலில் மதிப்பீட்டு அறிவிப்பு வரும். மே 15, அல்லது அறிவிப்பு அனுப்பப்பட்டதிலிருந்து 30 நாள், இவற்றில் எது பிந்தியதோ அதற்குள் முறையீட்டைப் பதிவு செய்ய வேண்டும். இந்த நாளைத் தவறவிட்டால், மதிப்பு எவ்வளவு பிழையாக இருந்தாலும், அந்த ஆண்டுக்குப் பெரும்பாலும் கதவு மூடிவிடும். முறையிட்டதற்காக உங்கள் மதிப்பை உயர்த்திவிடுவார்கள் என்று பலர் அஞ்சுகிறார்கள்; டெக்சஸில், முறையீட்டை விசாரிக்கும் மதிப்பீட்டு மறுஆய்வு வாரியம் அறிவிப்பில் உள்ள மதிப்புக்கு மேலே உயர்த்த முடியாது.

முறையீட்டில் என்ன பேசக் கூடாது என்பதை முதலில் தெரிந்துகொள்ளுங்கள். "வரி கட்டுபடியாகவில்லை", "போன ஆண்டைவிட இரண்டு மடங்கு", "எங்கள் பள்ளிக்கு இவ்வளவு பணம் எதற்கு" என்பவை எவ்வளவு நியாயமான வேதனையாக இருந்தாலும், அந்த வாரியத்துக்கு அவற்றின் மேல் அதிகாரம் இல்லை. அவர்கள் கேட்பது இரண்டே விஷயங்கள்: ஜனவரி 1 அன்று இந்த வீட்டின் சந்தை மதிப்பு என்ன, அக்கம்பக்கத்தில் இதைப் போன்ற வீடுகளுக்கு என்ன மதிப்புப் போட்டிருக்கிறார்கள். நீங்கள் இரண்டு அடிப்படைகளிலும் முறையிடலாம். படிவத்தில் இரண்டையும் குறிப்பிடுவதே நல்லது. டெக்சஸில் விற்பனை விலையை அரசிடம் தெரிவிக்கும் கட்டாயம் இல்லை. ஆகவே அலுவலகம் போட்ட மதிப்பு நீங்கள் கொடுத்த விலையைவிட அதிகமாக இருந்து, வாங்கியதும் அண்மைக் காலம் என்றால், உங்கள் க்ளோசிங் அறிக்கையே (வீடு வாங்கி முடித்தபோது தரப்பட்ட கணக்கு அறிக்கை) வலுவான சான்று. மாறாக, கொடுத்த விலை அவர்கள் போட்ட மதிப்பைவிட அதிகம் என்றால் அதைத் தூக்கிக்கொண்டு போக வேண்டியதில்லை. இரண்டாவது அடிப்படையில் நில்லுங்கள். ஒரே தெருவில், ஒரே கட்டுமான நிறுவனம் கட்டிய, ஒரே பரப்பளவுள்ள வீடுகளுக்குச் சதுர அடிக்கு என்ன போட்டிருக்கிறார்கள் என்பது அலுவலகத் தளத்தில் யாரும் பார்க்கும்படி இருக்கிறது. புது வீட்டுக் குடியிருப்புகளில் ஒரே வரைபடத்தில் கட்டிய வீடுகள் பல இருப்பதால், இந்த ஒப்பீடு உங்களுக்கு எளிது.

பதிவிலுள்ள பரப்பளவு, குளியலறை எண்ணிக்கை, கட்டி முடித்த ஆண்டு ஆகியவற்றையும் சரிபாருங்கள். இந்தப் பதிவுகளில் பிழை அரிதல்ல. சுவரில் விரிசல், அஸ்திவார அசைவு, வடிகால் கோளாறு இருந்தால் நிழற்படமும் ஒப்பந்தக்காரர் எழுதித் தந்த செலவு மதிப்பீடும் வேண்டும், வாய்ச்சொல் போதாது. விசாரணைக்குக் குறைந்தது 14 நாட்களுக்கு முன் அலுவலகம் தன் சான்றுகளை உங்களுக்குத் தர வேண்டும் என்பது சட்டம். அதை எழுத்தில் கேட்டு வாங்கிப் படித்துவிட்டுப் போனால் பாதிப் பதற்றம் நீங்கிவிடும். பெரும்பாலான முறையீடுகள் அலுவலர் ஒருவருடன் நடக்கும் முறைசாராப் பேச்சிலேயே முடிந்துவிடுகின்றன. அங்கே ஒத்துவராவிட்டால், உள்ளூர் மக்களைக் கொண்ட மதிப்பீட்டு மறுஆய்வு வாரியத்தின் முன் செல்லலாம். வாரியத்தின் முடிவும் ஏற்புடையதாக இல்லையென்றால் 60 நாட்களுக்குள் இரு தரப்பையும் கட்டுப்படுத்தும் நடுவர் தீர்ப்பையோ மாவட்ட நீதிமன்றத்தையோ நாடலாம். இவற்றைச் செய்து தரும் தனியார் முகவர்கள் மிச்சமாகும் வரியில் ஒரு பங்கைக் கட்டணமாகக் கேட்பார்கள். ஒற்றை வீட்டுக்கு அவர்கள் தேவை என்று நான் நினைக்கவில்லை. நேரமே இல்லாதவர்களுக்கு மட்டும் அது பொருந்தும்.

வரி விகிதத்தைப் பற்றிப் பேச வேண்டிய இடம் வேறு. ஆகஸ்ட், செப்டம்பர் மாதங்களில் நகராட்சியும் கவுண்டியும் பள்ளி மாவட்டமும் அடுத்த ஆண்டு விகிதத்துக்கான பொது விசாரணைகளை நடத்துகின்றன. 2019இல் வந்த சட்டத்தின்படி, பெரும்பாலான நகராட்சிகளும் கவுண்டிகளும் நடப்புச் செலவுக்கான வரி வருவாயை ஓராண்டில் 3.5 சதவீதத்துக்கு மேல் உயர்த்த வேண்டுமானால் வாக்காளர்களின் ஒப்புதலைப் பெற வேண்டும். வாக்குரிமை இல்லாத குடியிருப்பாளரும் அந்தக் கூட்டத்தில் எழுந்து பேசலாம். நம்மவர்கள் அங்கே அதிகம் வருவதில்லை என்பது எனக்கு வருத்தமே.

தந்தையின் பெயரைச் சேர்ப்பது பற்றி. 65 வயது நிறைந்தவர்களுக்கு டெக்சஸ் தரும் சலுகை உண்மையிலேயே பெரியது: பள்ளி வரியில் மேலும் 60,000 டாலர் மதிப்பு விலக்கு, அத்தோடு பள்ளி வரித்தொகை அந்த ஆண்டு நிலையிலேயே உறைந்துவிடும். ஆனால் சலுகை பெறுபவர் உண்மையான உரிமையாளராகவும் அதுவே தம் முதன்மையான, நிலையான குடியிருப்பாகவும் கொண்டவராக இருக்க வேண்டும். வருகையாளர் விசாவில் சில மாதங்கள் தங்கிச் செல்லும் உங்கள் தந்தைக்கு இது பொருந்தாது. சலுகைக்காக மட்டும் பெயர் சேர்த்தால் வேறு தொல்லைகள் வரும். உரிமையில் ஒரு பங்கை மாற்றுவது கடன் ஒப்பந்தத்தை மீறுவதாக ஆகலாம். அந்தப் பங்கின் மதிப்பு 2026இல் 19,000 டாலரைத் தாண்டினால் கொடுத்தவர் அன்பளிப்பு வரிப் படிவம் தாக்கல் செய்ய வேண்டும். அமெரிக்க வாசியல்லாத ஒருவர் இங்கே சொத்துப் பங்கோடு காலமானால், இறந்தவர் சொத்தின் மீதான எஸ்டேட் வரிக்கு விலக்கு வரம்பு 60,000 டாலர் மட்டுமே. தயவு செய்து இதைச் செய்யாதீர்கள். கிரீன் கார்டு பெற்று நிரந்தரமாக உங்களுடன் வாழ்ந்து, தம் பணத்தையும் போட்டு வீடு வாங்கும் பெற்றோரின் நிலைமை வேறு. அவர்கள் வாங்கும்போதே ஒரு வழக்கறிஞரைக் கலந்துகொள்ளலாம்.

ஒரு சிறு ஆறுதல். கூட்டாட்சி வருமான வரியில் மாநில, உள்ளாட்சி வரிகளுக்கான கழிவு 2017ஆம் ஆண்டுச் சட்டத்தால் 10,000 டாலராகக் கட்டுப்படுத்தப்பட்டிருந்தது. 2025க்கு அது 40,000 டாலராக உயர்ந்திருக்கிறது. மிக உயர்ந்த வருமானமுள்ளவர்களுக்கு இது படிப்படியாகக் குறையும். செலவுகளைத் தனித்தனியாகப் பட்டியலிட்டுக் கழிப்பவர்களுக்கு மட்டுமே இது பயன்படும். வீட்டுக் கடன் வட்டியும் சொத்து வரியும் சேர்ந்து, பட்டியலிடாதவர்களுக்குக் கிடைக்கும் நிலையான கழிவைத் தாண்டுகிறதா என்று பாருங்கள். எஸ்க்ரோவில் நீங்கள் போட்ட தொகையைக் கழிக்க முடியாது. அந்த நாட்காட்டி ஆண்டுக்குள் கடன் நிறுவனம் வரி அலுவலகத்துக்குச் செலுத்திய தொகையைத்தான் கழிக்கலாம்.

உங்கள் தங்கைக்கு வருகிறேன். அவரிடம் சொல்லப்பட்டதில் ஒரு பாதி உண்மை. 1978 ஜூனில் கலிபோர்னிய வாக்காளர்கள் நிறைவேற்றிய 13ஆம் முன்மொழிவு, சொத்து வரியை மதிப்பில் 1 சதவீதத்துக்குக் கட்டுப்படுத்தியது. வாக்காளர்கள் ஏற்ற கடன் பத்திரங்களுக்கான தொகை அதன் மேல் சேரும். மதிப்பு ஆண்டுக்கு 2 சதவீதத்துக்கு மேல் உயரக் கூடாது என்றும் அது விதித்தது. ஆனால் அந்த மதிப்பு தொடங்கும் இடம், வீடு கை மாறிய நாளின் சந்தை விலை. 1985இல் வாங்கிய அண்டை வீட்டார் சொற்ப வரி கட்டிக்கொண்டிருக்க, அதே அளவு வீட்டை நேற்று வாங்கியவர் அதைப் போலப் பல மடங்கு கட்டுவது அங்கே வழக்கம். இது சமத்துவத்துக்கு முரண் என்று தொடுத்த வழக்கில், 1992இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் அந்த முறை செல்லும் என்றே தீர்ப்பளித்தது. ஆகவே விளம்பரத்தில் விற்பவர் கட்டும் வரியைப் பார்த்து உங்கள் தங்கை மயங்கக் கூடாது. தாம் கொடுக்கவிருக்கும் விலையை 1.2 சதவீதம் அளவில் ஒரு விகிதத்தால் பெருக்கிப் பார்ப்பது தொடக்கக் கணக்குக்குப் போதும்.

இதில் அவரைத் தடுமாற வைக்கக்கூடியது சப்ளிமென்டல் பில் எனப்படும் துணை வரிச்சீட்டு. விற்பவரின் பழைய மதிப்பு 3,00,000 டாலர், வாங்கிய விலை 9,00,000 டாலர் என்று வையுங்கள். வித்தியாசமான 6,00,000 டாலருக்கு, நிதியாண்டில் எஞ்சிய மாதங்களுக்கு, கவுண்டி தனியாக வரி கேட்கும். டிசம்பரில் வாங்கினால் அரையாண்டுக்கு, 1.2 சதவீதத்தில், 3,600 டாலர். ஜனவரியிலிருந்து மே வரை வாங்கினால் இப்படி இரண்டு சீட்டுகள் வரும். இவை வீடு வாங்கிப் பல மாதங்கள் கழித்து, உரிமையாளரின் பெயருக்கே வருகின்றன. கடன் நிறுவனத்தின் எஸ்க்ரோவிலிருந்து பெரும்பாலும் கட்டப்படுவதில்லை. விளம்பரக் கடிதம் என்று நினைத்து ஒதுக்கி வைத்துவிட்டு 10 சதவீத அபராதம் கட்டியவர்கள் பலர். புதுக் குடியிருப்புகளில் மெல்லோ-ரூஸ் என்னும், 1982ஆம் ஆண்டுச் சட்டத்தின் வழிவந்த தனி வரியும் இருக்கலாம். அது மதிப்பைச் சார்ந்ததல்ல என்பதால் 13ஆம் முன்மொழிவின் வரம்புக்குள் அடங்காது. அது எத்தனை ஆண்டுக்கு, ஆண்டுக்கு எவ்வளவு என்பதை வாங்கும் முன் எழுத்தில் கேட்டு வாங்கச் சொல்லுங்கள்.

பிற மாநிலங்களிலும் இதே கதைதான், விதிகள் மட்டும் வேறு. புளோரிடாவில் ஹோம்ஸ்டெட் வீட்டின் மதிப்பு ஆண்டுக்கு 3 சதவீதம் அல்லது விலைவாசி உயர்வு, இவற்றில் குறைவான அளவுக்குத்தான் ஏறும். விற்றதும் அந்தப் பாதுகாப்பு விற்றவரோடு போய்விடும். அங்கே தற்காலிக விசாவில் இருப்பவர் தம் பெயரில் ஹோம்ஸ்டெட் கோர முடியாது. உங்கள் நண்பர்கள் சொன்னது அங்கிருந்து வந்த செய்தியாக இருக்கலாம். ஆனால் அமெரிக்கக் குடியுரிமை உள்ள தம் சிறு வயதுக் குழந்தைகள் அந்த வீட்டில் நிரந்தரமாக வசித்தால், அவர்களை முன்னிட்டுக் கோரலாம் என்று 2012இல் புளோரிடா உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. அங்குள்ள வாசகர்கள் இதைக் கவனிக்க வேண்டும். மிச்சிகனில் 1994ஆம் ஆண்டு அரசமைப்புத் திருத்தத்தின்படி, வீடு கை மாறிய மறு ஆண்டே மதிப்பின் மேல் இருந்த வரம்பு நீங்கிவிடுகிறது. நியூ ஜெர்சியில் முறையீட்டுக்கான பொதுவான கடைசி நாள் ஏப்ரல் 1. கோடையில் வரிச்சீட்டைக் கண்டு விழித்துக்கொள்பவருக்கு அந்த ஆண்டு வாய்ப்பு இல்லை.

உங்கள் தங்கை வீட்டைத் தேர்ந்தெடுத்ததும், விலை பேசி முடிக்கும் முன்பே, அந்தக் கவுண்டி மதிப்பீட்டாளரின் தளத்தில் முகவரியைக் கொடுத்து, விற்பவரின் இப்போதைய வரி மதிப்பைப் பார்க்கட்டும். தாம் கொடுக்கும் விலைக்கும் அதற்கும் உள்ள இடைவெளிக்கான ஓராண்டு வரியை முன்பணத்தோடு கலக்காமல் தனியாக எடுத்து வைத்து, துணை வரிச்சீட்டுகள் வந்து கட்டி முடியும் வரை அந்தத் தொகையைத் தொடாமல் இருக்கட்டும்.